வலைக்குப் பின்னே ஒரு வேலி

நேஷனல் ஹாக்கி லீக் பந்தயங்கள் நடக்கும் பனிக்களம் எதுவாயினும், கோல் வலைக்குப் பின்னால், கோல் கோட்டில் பிறந்து, சாய்வாக விலகிச் சென்று, களத்தின் கடைக்கோடியிலுள்ள பலகைச் சுவரில் முட்டி நிற்கும் இரண்டு சிவப்புக் கோடுகளைக் காணலாம். கோல் கோடு ஒரு பக்கமும் பலகைச் சுவர் மறுபக்கமுமாகச் சேர, பள்ளிக்கூடத்துக் க்ஷேத்திர கணிதத்தில் சரிவகம் என்று படித்தோமே, அந்த உருவம் அங்கே அமைகிறது. ஒரே சமயத்தில் களத்தில் இறங்கி ஆடும் பன்னிரண்டு பேரில் பத்துப் பேர் அந்தக் கோடுகளைக் கண்ணெடுத்தும் பார்க்க வேண்டியதில்லை. அவற்றின் மேல் அவர்கள் போகலாம், வரலாம், விழலாம், புரளலாம். எஞ்சிய இருவர், அதாவது இரு தரப்புக் கோல்கீப்பர்கள் மட்டும், சரிவகத்துக்கு வெளியே கோல் கோட்டுக்குப் பின்புறமாகக் கிடக்கும் மூலைகளில் ஆட்ட வில்லையைத் தீண்டினால் அது குற்றம். குற்றம் செய்தவருடைய அணி இரண்டு நிமிஷ நேரம் ஓர் ஆள் குறைவாக ஆட வேண்டும். ஒருவனுக்குக் கைதேர்ந்த வித்தை ஒன்று வாய்த்திருக்கிறது என்ற காரணத்துக்காகவே அவன் நடமாடும் நிலத்தைக் கோடு போட்டுச் சுருக்கிய இந்த விநோதம் நிகழ்ந்தது 2005ஆம் ஆண்டில். அதன் பூர்வோத்தரத்தைச் சற்று விஸ்தாரமாகவே பார்க்கலாம்.

ஹாக்கி என்றவுடன் நம் வாசகர்களுக்குப் புல்தரையும் கோவில்பட்டியும் நினைவுக்கு வருவது இயற்கை. இங்கே பேசப்படுவது கனடா நாட்டில் வளர்ந்து பெருகிய பனி ஹாக்கி. இருநூறு அடி நீளமும் எண்பத்தைந்து அடி அகலமுமாக உறைந்து கிடக்கும் பனிப்பரப்பில், காலில் ஸ்கேட் கட்டிய ஆறு பேர் ஒரு கட்சியாகவும் ஆறு பேர் எதிர்க்கட்சியாகவும் நின்று, பக் என்று வழங்கும் ரப்பர் வில்லையை மட்டையால் ஓட்டி ஆடுவது. வில்லையின் குறுக்களவு மூன்று அங்குலம், கனம் ஓர் அங்குலம். எடை ஆறு அவுன்ஸுக்கு மேற்படாது. துள்ளாமல் வழுக்கிச் செல்ல வேண்டும் என்பதற்காக, பந்தயத்துக்கு முன்பே அதைக் குளிர்ப்பெட்டியில் வைத்து உறைய விடுகிறார்கள். ஆறடி அகலமும் நாலடி உயரமும் கொண்டது கோல். கால்பந்திலும் புல்தரை ஹாக்கியிலும் கோல் கோட்டைத் தாண்டிய பந்து ஆட்டத்தை விட்டே வெளியேறிவிடுகிறது. பனி ஹாக்கியிலோ, கோல் கோட்டுக்கு அப்பாலும் பதினோரு அடி ஆழத்துக்குக் களம் நீள்கிறது. வில்லை வலையைச் சுற்றிக்கொண்டு பின்புறம் போகும், பலகையில் மோதித் திரும்பி வரும், ஆட்டம் நிற்காது. கோல்கீப்பரின் முதுகுக்குப் பின்னால் ஒரு களம் இருக்கிறது என்கிற இந்த ஒரு வசதியை, அல்லது அவஸ்தையை, மனத்தில் வாங்கிக்கொண்டால் மற்ற யாவும் விளங்கிவிடும்.

கோல்கீப்பர்களைப் பற்றிய விதிகளை வரிசையாக வாசித்துக்கொண்டு போனால், ஒவ்வொரு விதிக்கும் பின்னால் யாரோ ஒரு மனிதர் நின்றுகொண்டிருப்பதை உணரலாம் என்பது என் அபிப்பிராயம். சட்டம் செய்பவர்கள் முன்கூட்டி யோசித்து எழுதியவை அவற்றில் சொற்பம். ஒருவன் துணிந்து ஒன்றைச் செய்துவிட்ட பிறகு, அதை ஒப்புக்கொள்வதா தடுப்பதா என்று திகைத்து எழுதியவையே அதிகம். லீக் தொடங்கிய 1917-18 பருவத்தில், கோல்கீப்பர் வில்லையைத் தடுப்பதற்காகப் பனியில் விழுவதோ மண்டியிடுவதோ கூடாது. நின்ற நிலையிலேயே தடுக்க வேண்டும், மீறினால் தண்டனை. ஒட்டாவா அணியின் கிளின்ட் பெனடிக்ட் இதற்கு ஓர் உபாயம் கண்டார். விழுவதுதானே குற்றம், வழுக்கிவிடுவது குற்றமாகாதே! ஆகவே அவர் பந்தயத்துக்குப் பந்தயம் வழுக்கினார், முழந்தாளிட்டார், ஈசுவரப் பிரார்த்தனை செய்கிறார் என்று ஜனங்கள் பரிகாசம் பண்ணும் அளவுக்கு அடிக்கடி முழந்தாளிட்டார். எது விபத்து, எது வேஷம் என்று தீர்ப்புச் சொல்வது நடுவர்களால் ஆகிற காரியமாயில்லை. 1918 ஜனவரியில், பருவம் பாதியில் இருக்கும்போதே, லீக்கின் தலைவர் ஃபிராங்க் கால்டர் அந்தத் தடையை நீக்கி, கோல்கீப்பர் எப்படி வேண்டுமானாலும் விழலாம் என்று அனுமதித்துவிட்டார். இன்று கோல்கீப்பர்கள் இரு முழங்கால்களையும் பனியில் ஊன்றி, கால் கவசங்களை இருபுறமும் விரித்துத் தடுப்பதைச் சர்வ சாதாரணமாகக் காண்கிறோம். அந்த முறை முழுவதும் பெனடிக்டின் பொய் வழுக்கலுக்குக் கடன்பட்டது.

அந்தக் காலத்தில் கோல்கீப்பர் குற்றம் செய்தால் தண்டனைப் பெட்டிக்கு அவரே போய் உட்கார வேண்டும். அது வரை வலையை வேறொருவர் காக்க வேண்டும். 1923ஆம் ஆண்டு ஸ்டான்லி கோப்பைப் போட்டியில் இதே பெனடிக்ட் அப்படிப் பெட்டிக்குப் போன சமயம், கிங் கிளான்சி என்ற இளைஞர் அவருடைய இடத்தில் நின்றார். அன்றைய ஆட்டத்தில் அவர் ஆறு ஸ்தானங்களிலும் ஆடிவிட்டார் என்பது இன்றளவும் சொல்லப்படும் பெருமை. இப்போது கோல்கீப்பரின் தண்டனையைச் சக ஆட்டக்காரர் ஒருவர் அனுபவிக்கிறார். மான்ட்ரியல் கனேடியன்ஸ் அணியின் பில் டர்னன் 1947-48 பருவத்தில் கோல்கீப்பராகவும் தலைவராகவும் இருந்தபோது, நடுவரிடம் வழக்காடுவதற்காக அடிக்கடி வலையை விட்டு வெகு தூரம் வந்தார். அதனால் அவருடைய அணிக்கு முறையில்லாத ஓய்வு நேரம் கிடைத்துவிடுகிறது என்று எதிரணிகள் முறையிட, கோல்கீப்பர் தலைவராக இருக்கலாகாது என்ற விதி பிறந்தது. டர்னன் விதி என்றே அதற்குப் பெயர். அறுபது ஆண்டுகள் கழித்து வான்கூவர் அணி ராபர்ட்டோ லுவாங்கோவைத் தலைவராக்க விரும்பியபோது, தலைவருக்குரிய எழுத்தைச் சட்டையில் தைக்காமலும், நடுவரிடம் பேசும் உரிமையைப் பிறரிடம் விட்டும், அவர் பெயரளவில் தலைவராயிருக்க வேண்டியதாயிற்று.

வலையை விட்டு வெளியே வருவதையே ஒரு சாஸ்திரமாக்கிய மகாபுருஷர் ஷாக் பிளான்ட். 1929இல் கியூபெக் மாகாணத்தில் பிறந்த இவருக்குச் சிறு வயதிலிருந்தே ஆஸ்த்மா. நெடுநேரம் ஸ்கேட்டில் ஓட மூச்சு இடங்கொடாத காரணத்தால்தான் வலைக்குள் நிற்கும் வேலையை ஏற்றார் என்பார்கள். ஓட முடியாதவர் என்று வலைக்குள் நிறுத்தப்பட்டவரே, பிற்காலத்தில் வலையை விட்டு ஓடியதற்காகக் கீர்த்தி பெற்றார்! கியூபெக் நகரத்தில் இளைஞர் அணி ஒன்றில் ஆடிய நாளில், தமக்கு முன்னால் நின்ற தற்காப்பு ஆட்டக்காரர்கள் அவ்வளவு திறமைசாலிகளாக இல்லாதபடியால், பின்பலகைக்கு வந்து சேரும் வில்லையைத் தாமே போய் எடுத்துத் தர வேண்டியதாயிற்று என்று அவர் சொல்லியிருக்கிறார். நிர்ப்பந்தத்தால் தொடங்கிய பழக்கம் நாளடைவில் ஒரு தத்துவமாகக் கனிந்தது. எதிரி வில்லையைத் தூக்கிப் பின்மூலைக்கு அனுப்புகிறானா? அதைத் துரத்தி வரும் எதிரிக்கும் தன் தற்காப்பு ஆட்டக்காரனுக்கும் இடையே நடக்கும் ஓட்டப் பந்தயத்தை வேடிக்கை பார்ப்பானேன்? இருவரைக் காட்டிலும் வில்லைக்குச் சமீபத்தில் இருப்பவன் நானல்லவா?

1950களின் பிற்பாதியில் மான்ட்ரியல் கனேடியன்ஸ் அணி தொடர்ந்து ஐந்து முறை, 1956 முதல் 1960 வரை, ஸ்டான்லி கோப்பையை வென்றபோது வலையில் நின்றவர் பிளான்ட்தான். வலைக்குப் பின்னால் அவர் வில்லையை நிறுத்தித் தம்மவர்க்கு விட்டுக்கொடுப்பதையும், மூலை வரை சென்று எடுத்து அனுப்புவதையும், வெறுமையாகக் கிடக்கும் வலையைப் பார்த்த ரசிகர்கள் மூச்சைப் பிடித்துக்கொண்டு கவனித்தார்கள். எதிரி நெடுந்தூரத்திலிருந்து வில்லையைக் கோல் கோட்டுக்கு அப்பால் தள்ளிவிடும் ஐசிங் என்ற குற்றம் நிகழும்போது, தம் தற்காப்பு ஆட்டக்காரர்களுக்குத் தெரியும்படி கையை உயர்த்திக் காட்டும் வழக்கமும் அவரிடமிருந்து பரவியதே. 1959 நவம்பர் 1ஆம் தேதி நியூயார்க்கில், ஆண்டி பாத்கேட் அடித்த வில்லை மூக்கைப் பிளக்க, தையல் போட்டுக்கொண்டு திரும்பியவர், முகமூடி அணியாமல் ஆட மாட்டேன் என்று பயிற்சியாளர் டோ பிளேக்கிடம் பிடிவாதம் பிடித்துச் சாதித்த கதை எல்லோரும் அறிந்தது. அந்த முகமூடியின் பிரகாசத்தில் அவருடைய மற்றொரு கொடை மங்கிவிட்டது என்பது என் குறை. முகமூடி கோல்கீப்பரின் முகத்தைக் காத்தது. வலையை விட்டு வெளியே வந்த அந்தப் பழக்கமோ, அவர் யார் என்பதையே மாற்றிவிட்டது. அதுவரை தடுப்பவராக மட்டும் இருந்தவர், ஆட்டத்தைத் தொடங்கி வைப்பவருமானார்.

இனி வித்தையின் நுட்பத்துக்கு வருவோம். கோல்கீப்பரின் மட்டை மற்றவர்களுடையதைப் போன்றதன்று. அடிப்பாகம் பட்டையாக அகன்று, கனத்து, வில்லையைத் தடுப்பதற்கென்று செய்யப்பட்டது. வலக்கையில் செவ்வகக் கேடயம் தைத்த கையுறை. இடக்கையில் வில்லையைப் பிடிக்கும் பெரிய பை போன்ற கையுறை. இந்தப் பை உறை 1940களில் எமில் பிரான்சிஸ் என்பவர் பேஸ்பால் விளையாட்டிலிருந்து கடன் வாங்கி வந்தது. இவ்வளவு கவசத்தோடு ஒருவர் வில்லையைக் குறி பார்த்து அனுப்புவதென்பது, கம்பளியைக் கையில் சுற்றிக்கொண்டு பேனா பிடித்து எழுதுவதைப் போன்றது. கேடயக் கை மட்டையின் உச்சிக்கு ஏற, பை உறை அணிந்த கை தாழ்ந்து நடுத்தண்டைப் பற்ற வேண்டும். அந்தப் பருத்த உறைக்குள் தண்டு சரியாக அமர்வதே பெரும் பிரயத்தனம்.

டல்லாஸ் ஸ்டார்ஸ் அணியில் ஆடிய மார்ட்டி டர்கோ இதற்கு ஒரு யுக்தி கண்டார். மற்றவர்கள் பை உறையின் உள்ளங்கையால் தண்டைக் கீழிருந்து ஏந்த, இவர் உறையைப் புரட்டி, உள்ளங்கை கீழ்நோக்கும்படி மேலிருந்து தண்டை அழுத்திப் பிடித்தார். தோளின் பாரம் நேரே மட்டையில் இறங்கியது. பனியோடு வில்லையை அழுத்தி உந்தும் வலு கூடியது. முன்கை அடியிலிருந்து புறங்கை அடிக்கு மாறுவதும் லாகவமாயிற்று. இன்று வளரும் பிள்ளைகள் பலரும் கைக்கொள்வது டர்கோ பிடி என்று அவர் பெயரையே தாங்கிவிட்ட அந்தப் பிடிதான்.

ஆனால் வில்லையை வேகமாக அனுப்புவது இந்தக் கலையின் வெளிப்பகட்டுத்தான். இதன் ஜீவன், அதை நிறுத்துவதிலேயே இருக்கிறது. எதிரி நடுக்களத்தைத் தாண்டியதும் வில்லையைப் பலகைச் சுவரோடு ஒட்டி ஓங்கி அடிக்கிறான்; அது மூலையின் வளைவைப் பற்றிக்கொண்டு, வலைக்குப் பின்னால் சுழன்று, மறு மூலைக்கு விரைகிறது. அங்கே அவனுடைய கூட்டாளி காத்திருக்கிறான். கோல்கீப்பர் அந்த அடி மட்டையை விட்டுக் கிளம்பும் க்ஷணத்திலேயே, எதிரியின் தோளும் மட்டையும் திரும்பியிருக்கும் விதத்தைக் கொண்டு, இது வலையை நோக்கி வருவதா சுவரைச் சுற்றுவதா என்று நிர்ணயித்துவிட வேண்டும். வில்லை கிளம்பிய பிறகு யோசிப்பவன் வலைக்குப் பின்னால் போய்ச் சேர்வதற்குள் அது கடந்துவிடும். பாதி வழியில் சஞ்சலப்பட்டு நிற்பவனோ வலையிலும் இல்லை, வில்லையிடமும் இல்லை. போவதென்றால் முழு வேகத்தில் போக வேண்டும், இல்லையேல் நகரவே கூடாது என்று பயிற்சியாளர்கள் ஓயாமல் சொல்வது இதனால்தான்.

போய்ச் சேர்ந்தவர் மட்டையின் அலகைப் பலகையோடும் பனியோடும் இடைவெளியின்றிப் பதித்து, சற்றே சாய்த்து, வரும் வேகத்தை வாங்கித் தணிக்கிறார். கூடவே தம் உடம்பையும் கால் கவசத்தையும் சுவரோடு ஒட்டி வைக்கிறார். மட்டையை ஏமாற்றித் துள்ளும் வில்லை கவசத்தில் முட்டியாவது நிற்கட்டும் என்று. நின்ற வில்லையை அப்படியே விட்டுவிட்டு வலைக்கு ஓடுவது அரைகுறை வேலை. பலகையோடு ஒட்டிக் கிடக்கும் வில்லையை எடுக்கத் தற்காப்பு ஆட்டக்காரர் குனிந்து முதுகைக் காட்ட வேண்டியிருக்கும். பின்னாலிருந்து பாய்ந்து வரும் எதிரி அந்த முதுகைச் சுவரோடு சேர்த்து நசுக்கிவிடுவான். ஆகவே ஓரடி தூரம் சுவரிலிருந்து விலக்கி, வருகிறவருடைய மட்டை வாகாக வாங்கும் பக்கத்தில், அசையாமல் அமர்த்திவிட்டு நகர்வதே உத்தமம். பார்ப்பவர் கண்ணுக்கு இதில் ஒரு விசேஷமும் தெரியாது. பத்திரிகையின் எந்தப் புள்ளி விவரக் கட்டத்திலும் இது ஏறாது. தற்காப்பு ஆட்டக்காரர் ஒருவரைக் கேட்டால் மட்டும், எந்தக் கோல்கீப்பருக்கு முன்னால் ஆடிய வருஷங்களில் தம் தோளும் விலாவும் தப்பின என்று தயங்காமல் சொல்வார்.

இன்னொரு கருவி, குரல். தன் கோலை நோக்கி வில்லையைத் துரத்தி ஓடும் தற்காப்பு ஆட்டக்காரருக்கு முகம் சுவர்ப்பக்கம், முதுகு எதிரிப்பக்கம். களம் முழுவதையும் முன்னால் வைத்துப் பார்க்கிற பாக்கியம் கோல்கீப்பர் ஒருவருக்கே. எதிரி முதுகோடு வருகிறான் என்றோ, அவகாசம் இருக்கிறது என்றோ, வலையைச் சுற்றி ஓட்டு என்றோ, வந்த வழியே திருப்பு என்றோ, மறுபக்கத்துத் தோழனுக்குத் தள்ளு என்றோ, முன்பே பேசி வைத்த ஒற்றைச் சொற்களால் அவர் கூவுகிறார். பதினெட்டாயிரம் பேர் இரைச்சலிடும் மண்டபத்தில் அந்தச் சொல் தெளிவாகவும் உடனடியாகவும் விழ வேண்டும். ஒரு நொடி தாமதித்த உத்தரவு தவறான உத்தரவைக் காட்டிலும் கெடுதி. ஐசிங் ஆகக்கூடிய வில்லையை நோக்கி அவர் ஓரடி நகர்ந்தாலே அந்த அழைப்பு ரத்தாகிவிடும் என்பதால், எப்போது அசையாதிருக்க வேண்டும் என்பதும் இந்த வித்தையில் சேர்ந்ததே.

கட்டுப்பாடுகள் வேறு பல உண்டு. வில்லையைக் கையால் முன்னோக்கி எறியக் கூடாது. எதிரி நெருக்காதபோது அதன் மேல் படுத்து ஆட்டத்தை நிறுத்தக் கூடாது. தம் பகுதியிலிருந்து அடித்த வில்லை நேரே கண்ணாடித் தடுப்பைத் தாண்டிப் பார்வையாளரிடையே விழுந்தால் இரண்டு நிமிஷத் தண்டனை. நடுச் சிவப்புக் கோட்டைத் தாண்டிப் போய் ஆடக் கூடாது. இவற்றுக்கு ஈடாக ஒரு சலுகை: வலைக்கு முன்னால் அவருக்கென்று வரைந்திருக்கும் கிரீஸ் என்ற எல்லையை விட்டு வெளியே வந்துவிட்டார் என்பதற்காக அவர் மீது மோதலாம் என்ற உரிமை எதிரிக்குக் கிடையாது. எங்கே நின்றாலும் அவர் மேனி விதியின் பாதுகாப்பில் இருக்கிறது. இந்தச் சலுகைதான் பிற்பாடு அவருக்கே வினையாக முடிந்தது.

பிளான்டுக்குப் பிறகு வந்தவர்களில் ரான் ஹெக்ஸ்டால் வேறு ஒரு ரகம். பிலடெல்பியா ஃபிளையர்ஸ் அணியில் 1986இல் வந்து சேர்ந்த இவர், மட்டையைக் கோபத்தோடு பிடித்தவர். அந்தக் கோபம் எதிரிகளின் கால்களிலும் அடிக்கடி இறங்கியதுண்டு, அதை இங்கே விட்டுவிடுவோம். மற்ற கோல்கீப்பர்கள் வில்லையைத் தள்ளிய இடத்தில் இவர் தூக்கி அடித்தார். 1987 டிசம்பர் 8ஆம் தேதி, பாஸ்டன் அணி கடைசி நேரத்தில் தன் கோல்கீப்பரை வெளியேற்றி ஓர் ஆட்டக்காரரைக் கூட்டிக்கொண்ட சமயம் பார்த்து, தம் வலையருகிலிருந்தே களத்தின் மறுகோடி வரை வில்லையை உயர்த்தி அனுப்பிக் கோலாக்கினார். 1979இல் பில்லி ஸ்மித்தின் கணக்கில் ஒரு கோல் ஏறியிருந்ததென்றாலும், அது எதிரி தன் வலையிலேயே போட்டுக்கொண்டது. தாமே குறி பார்த்து அடித்தவரில் முதல்வர் ஹெக்ஸ்டால். 1989இல் வாஷிங்டன் அணிக்கு எதிராக இன்னொரு முறையும் அடித்தார். கோல்கீப்பர்கள் அடித்த கோல்களைப் பற்றி ரசிகர்கள் கொள்ளும் பரவசத்தில் எனக்கு அவ்வளவாகப் பங்கில்லை. வெற்றி ஏறக்குறைய நிச்சயமான பிறகு, காவலற்ற வலைக்குள் விழுவது அது. விழாவுக்கு வாணம் விடுகிற சந்தோஷம். ஆனால் மான்ட்ரியலில் அதைக் கண்டு வியந்த ஓர் இளைஞனுக்கு அது வாணமாகப் படவில்லை.

அந்த இளைஞன் மார்ட்டின் ப்ரோடர். தந்தை டெனி, 1956ஆம் ஆண்டு ஒலிம்பிக்கில் கனடாவுக்காக வலை காத்து வெண்கலம் பெற்றவர், பின்னாளில் கனேடியன்ஸ் அணியின் புகைப்படக்காரர். ஹெக்ஸ்டால் வெளியே வந்து வில்லையை ஆடுவதைப் பார்த்தே அவர் மீது மோகம் கொண்டதாக ப்ரோடர் சொல்லியிருக்கிறார். நியூ ஜெர்சி டெவில்ஸ் அணியில் இருபது ஆண்டுகளுக்கு மேல் ஆடியவர்; லீக்கில் மொத்தம் 691 வெற்றிகளும் கோலே விடாத 125 பந்தயங்களும், 1995, 2000, 2003 ஆகிய ஆண்டுகளில் ஸ்டான்லி கோப்பையும் பெற்றவர். 1997இல் தம் பிறந்த ஊர் அணிக்கு எதிராகவே ஒரு கோலும் அடித்தார். ஆனால் அவருடைய மகிமை அந்த அடியில் இல்லை. அன்றைய டெவில்ஸ் அணி நடுக்களத்தில் ஆட்களை நெருக்கி நிறுத்தி, எதிரியை வில்லையோடு உள்ளே வர விடாமல் அடைக்கும் பொறியில் பேர் பெற்றது. பயிற்சியாளர் ஷாக் லெமேர் பழக்கிய முறை அது. உள்ளே கொண்டுவர முடியாத எதிரி என்ன செய்வான்? மூலையில் எறிந்துவிட்டுத் துரத்துவான். தற்காப்பு ஆட்டக்காரர்களான ஸ்காட் ஸ்டீவன்ஸும் நீடர்மேயரும் திரும்பி ஓடுவதற்குள் ப்ரோடர் மூலைக்குப் போய் வில்லையை எடுத்து, அநாயாசமாக முப்பது நாற்பது அடிக்கு அப்பால் இருக்கும் தம்மவன் மட்டையில் வைத்துவிடுவார். துரத்தி வந்த எதிரி, தொட்டால் தண்டனை கிடைக்கும் ஒரு மனிதர் முன்னால் வந்து திகைத்து நிற்பான். உள்ளே கொண்டுவர முன்வாசல் அடைப்பு, எறிந்து துரத்தப் பின்வாசலில் ப்ரோடர். மிஞ்சியது ஆட்டம் பார்ப்பவர்களின் கொட்டாவிதான் என்று குறை சொன்னார்கள்.

2004-05 பருவம் முழுவதும், முதலாளிகளுக்கும் ஆட்டக்காரர்களுக்கும் இடையே சம்பளத் தகராறு மூண்டு, ஒரு பந்தயமும் நடவாமல் கழிந்தது. ஊடலுக்குப் பின் திரும்பி வந்த லீக், பிரிந்து போன ரசிகர்களைக் குளிர்விக்கும் பொருட்டு ஆட்டத்தை விறுவிறுப்பாக்க விரும்பிற்று. இரண்டு கோடுகளைத் தாண்டிய நெடும் பாஸுக்கு இருந்த தடை நீங்கியது. கோல்கீப்பரின் கால் கவசம் பன்னிரண்டு அங்குலத்திலிருந்து பதினொன்றாகக் குறைந்தது. சமநிலைக்குப் பதில் தனி அடிகளால் முடிவு காணும் முறை வந்தது. கூடவே இந்தச் சரிவகமும் வந்தது. கோல் கோட்டில் கம்பங்களுக்கு வெளியே இரு புறமும் ஆறாறு அடி, நடுவே கோலின் ஆறடி, ஆக மொத்தம் பதினெட்டு அடி. பலகைச் சுவரில் இருபத்தெட்டு அடி. இதற்கு அப்பாற்பட்ட மூலைகளில் கோல்கீப்பருக்கு வில்லை விலக்கு. ஆள் எங்கே நிற்கிறார் என்பது பொருட்டன்று, வில்லை எங்கே இருக்கிறது என்பதே கணக்கு. ஸ்கேட் கிரீஸைத் தொட்டுக்கொண்டிருக்கும் வரை கையை நீட்டி ஆடினால் மட்டும் குற்றமில்லை. புத்தகத்தில் பெயர் ஏதும் எழுதவில்லை. ஜனங்கள் வைத்த பெயர் ப்ரோடர் விதி. அதற்காக முன்னின்று வாதித்தவர்களில் ஒருவராகப் பேசப்பட்டவர் பிலடெல்பியா அணியின் நிர்வாகி பாபி கிளார்க்; வில்லையைத் தூக்கி அடிக்கும் கோல்கீப்பரை உலகத்துக்குக் காட்டிய அணி எதுவோ, அதே அணி.

எறிந்து துரத்தும் ஆட்டத்துக்கு உயிர் கொடுத்தால் மூலைகளில் போராட்டம் பெருகும், போராட்டம் பெருகினால் கோல் பெருகும் என்பது விதியின் உத்தேசம். போராட்டம் பெருகியது மெய். அதை உடம்பில் ஏற்றவர்கள் தற்காப்பு ஆட்டக்காரர்கள். முன்பு கோல்கீப்பர் எடுத்துக் கொடுத்த வில்லையை இப்போது சுவரைப் பார்த்து ஓடித் தாங்களே எடுக்க வேண்டும். அவர்களைத் தடையின்றித் துரத்துபவர்களுக்கோ இரு கோட்டு விதி நீங்கியபடியால் முன்னிலும் வேகம். தலையில் படும் அடிகளைப் பற்றி லீக் கவலையோடு ஆலோசிக்கத் தொடங்கிய அதே காலத்தில், அந்த அடிகளுக்கு இடம் தரும் கோடுகளையும் அது காப்பாற்றி வந்தது எனக்கு விளங்காத முரண். திறமையற்றவனைத் தண்டிக்கும் சக்தி ஆட்டத்துக்கு இயல்பாகவே உண்டு. மூலைக்குப் போய் வில்லையைத் தவறவிட்டவனுக்குக் காலியான வலையே தண்டனை.

அதற்குச் சான்று தேடி வெகு தூரம் போக வேண்டாம். ப்ரோடரே, 2003ஆம் ஆண்டு இறுதிப் போட்டியின் மூன்றாவது பந்தயத்தில், அனஹைம் அணியின் சாண்டிஸ் ஓசோலின்ஷ் அடித்துவிட்ட சாதாரணமான வில்லையைத் தடுக்க முன்வந்தபோது மட்டையை நழுவவிட்டார். கீழே விழுந்த மட்டையில் மோதிய வில்லை திசை மாறி அவர் கால்களுக்கிடையே புகுந்து கோலாயிற்று. அந்தப் பந்தயத்தில் டெவில்ஸ் தோற்றது. கோப்பை என்னவோ ஏழாவது பந்தயத்தில் கிடைத்தது. 2021 ஜூனில் வேகாஸ் அணியின் மார்க்-ஆண்ட்ரே ஃப்ளூரி, மான்ட்ரியலில் வெற்றிக்கு இரண்டே நிமிஷம் இருக்கையில், வலைக்குப் பின்னால், விதி அனுமதித்த நிலத்திலேயே, வந்த வில்லையைச் சரியாக நிறுத்தத் தவறினார். அது அவர் காலில் பட்டு வலைக்கு முன்னால் வழிய, ஜாஷ் ஆண்டர்சன் காலி வலையில் தட்டிச் சமப்படுத்தினார், பிறகு மிகை நேரத்தில் அவரே வெற்றி கோலும் அடித்தார். இவ்விதமான ஒரு கோல், நூறு நல்ல நிறுத்தங்களை மக்கள் மனத்திலிருந்து அழித்துவிடுகிறது. அதனால் பயந்து பயிற்சியாளர்கள் பலர், வலையிலேயே இரு, அதுவே போதும் என்று பிள்ளைகளை அடக்கி வைப்பதும் உண்டு.

2014இல் கோல் கோட்டில் இரு புறமும் இரண்டிரண்டு அடி கூட்டி, பதினெட்டு அடியை இருபத்திரண்டாக்கினார்கள். சரிவகத்தையே எடுத்துவிடலாம் என்ற பேச்சு நிர்வாகிகளிடையே எழுந்து எழுந்து அடங்கியிருக்கிறது. போதாக்குறைக்குச் சர்வதேச ஹாக்கி சம்மேளனமும் 2021இல் தன் விதிப் புத்தகத்தைத் திருத்தியபோது இதே கோடுகளை ஏற்றுக்கொண்டுவிட்டது. அமெரிக்கக் கல்லூரி ஹாக்கியில் மட்டும் அவை இல்லை. டர்கோ ஆடிய மிச்சிகன் பல்கலைக்கழகம் போன்ற இடங்களில், கோல்கீப்பர் இன்றும் இரு மூலைகளுக்கும் தாராளமாகப் போய் வரலாம். நாலு வருஷம் அப்படி ஆடித் தேர்ந்த இளைஞன் தொழில்முறை அணியில் சேர்ந்ததும், பயிற்சியாளர் அவனை வலைக்குப் பின்னால் அழைத்துப் போய், எந்தக் கோட்டோடு நிற்க வேண்டும் என்று முதலில் காட்டிவிடுகிறார்.